ஆறுமுகத்தின் கடைசி விளக்கு

ஓடட்டும். ஓட ஆரம்பித்துவிட்ட கேசட்டை அவசரப்படுத்த முடியாது, அது தன் வேகத்தில்தான் ஓடும், அரைமணி நேரப் படம் என்றால் அரைமணி நேரம் உட்கார்ந்துதான் ஆகவேண்டும். டெக்கிலிருந்து போகிற ஒயர் நொடி நொடியாகத்தான் கம்ப்யூட்டருக்குள் அதைக் கொண்டுபோய்ச் சேர்க்கும். மின்விசிறியை நிறுத்திவிட்டேன், பறக்கிற தூசி ஒன்று உள்ளே போய் ஒட்டிக்கொண்டால் போதும், எல்லாம் போச்சு. பெரம்பூர் வெயில் ஜன்னல் திரைக்குப் பின்னால் நின்றுகொண்டு அறையை அவிக்கிறது. கழுத்தில் வியர்வை இறங்குகிறது, துடைக்கக் கை எழவில்லை, நான் அசைந்தால் படமும் அசைந்துவிடும் என்பது போல உட்கார்ந்திருக்கிறேன். திரையில் ஒரு விவசாய அதிகாரி நிலக்கடலைக்கு ஜிப்சம் போடுவது பற்றிச் சொல்லிக்கொண்டிருக்கிறார், அவர் முகம் பாதியில் கோடுகோடாகக் கிழிந்து மறுபடி சேர்கிறது. இதை வீட்டில் பதிந்து வைத்த ராஜபாளையத்து டாக்டர் நிகழ்ச்சி தொடங்குவதற்கு முன்னாலேயே பொத்தானை அழுத்தியிருக்கிறார், ஒன்றையும் தவறவிடக் கூடாது என்று நினைத்த மனிதர். அவரும் போய்விட்டார். வீட்டை விற்பதற்காகச் சாமான்களை ஒழித்த மகள் சீதாலட்சுமி, எப்போதோ நான் இணையத்தில் எழுதியிருந்ததை எங்கேயோ படித்துவிட்டு, நீங்கள் தேடுவது இதுதானா என்று கேசட்டின் படத்தை அனுப்பினாள். மேலே நீல மையில் ‘சனி வளையம், கடைசி’ என்று இருந்தது. அன்று ராத்திரி ரயிலிலேயே கிளம்பினேன். ரீல் ஓரமெல்லாம் வெள்ளையாகப் பூசணம் பூத்திருந்தது. ஸ்பிரிட் தொட்ட துணியால் மெல்ல மெல்லத் துடைத்து, காயவைத்து, பயந்து பயந்து வைத்திருந்து, இன்றைக்குத்தான் டெக்கில் போட்டேன். ஒருமுறை ஓடும், இரண்டாம் முறை ஓடுமா என்பது நிச்சயமில்லை. இன்றைக்கென்று காலையில் தயாளனிடமிருந்து விழா அழைப்பு வந்ததால்தான் போட்டேன். வேறு யாரிடமும் இதைச் சொல்லமாட்டேன், ஆனால் அதுதான் உண்மை. பாசத்தால் இல்லை, கருவிக்கொண்டு போட்டேன்.

இதோ, தொடங்கிவிட்டது. அந்த மோர்சிங், அந்த வீணை, நடுவில் தகரத்தைத் தட்டுகிற சத்தம். பிளாஸ்டிக் பந்தைச் சுற்றிக் குக்கர் கேஸ்கெட், அதுதான் சனிக்கோள். பந்துக்கு மஞ்சள் பெயின்ட் அடித்தவர் கன்னியப்பன். முட்டை அட்டைகளுக்கு வெள்ளிப் பெயின்ட் அடித்து விண்வெளி நிலையத்தின் சுவராக நிறுத்தியதும் அவர்தான். ஒரே ஒரு சுவர்தான் இருந்ததாம், அதையே இடம் மாற்றி மாற்றி வைத்து எடுத்தார்களாம், அதனால் நடிகர்கள் எந்த அறைக்குள் போனாலும் அவர்களுக்குப் பின்னால் அதே நசுங்கிய அட்டை வரும். தமிழில் அந்தக் காலத்தில் விண்வெளிக் கதை ஒன்று தொலைக்காட்சியில் வந்தது என்றால் இன்றைக்குச் சிரிக்கிறார்கள். சிரிக்கட்டும், நாங்கள் சிரிக்கவில்லை. கோவில்பட்டியில் எங்கள் தெருவில் டிவி இருந்தது ஒரே வீட்டில், ஜவுளிக்கடை மாணிக்கவாசகம் வீட்டில். மொட்டை மாடியில் தென்னை உயரத்துக்கு ஆன்டெனா கட்டி, பூஸ்டர் போட்டு, ஒருவர் மேலே நின்று திருப்ப, கீழே நாங்கள் “தெரியுது தெரியுது, போச்சு போச்சு” என்று கத்துவோம். அப்படி வந்த புள்ளிகளுக்கு நடுவில்தான் நான் ஆறுமுகத்தைப் பார்த்தேன். ஆறுமுகம் நிலையத்தை நடத்துகிற யந்திரம். கறுப்புப் பெயின்ட் அடித்த இரும்பு பீரோவில் ஆறு விளக்கு, பேசும்போது ஒவ்வொன்றாக எரியும். ஆறுமுகத்துக்கு ஒரு சிநேகிதி, மதி. விஞ்ஞானி ஒருவரின் மகள், பன்னிரண்டு வயது. பெரியவர்கள் எல்லாம் பூமியோடு வயர்லெஸ்ஸில் சண்டை போட்டுக்கொண்டிருக்க, அவள் மட்டும் பீரோவின் முன்னால் சம்மணம் போட்டு உட்கார்ந்து ஆறுமுகத்திடம் பேசிக்கொண்டிருப்பாள். நான் அவளாக இருந்தேன். எங்கள் வீட்டுப் பீரோ முன்னால் நானும் சம்மணம் போட்டு உட்கார்ந்திருக்கிறேன்.

ஒளிபரப்பினார்கள், முடிந்தது, நாடாக்களை அழித்து அதன்மேல் வேறு எதையோ பிடித்தார்கள். அன்றைக்கு எங்கேயும் அதுதான் வழக்கம், நாடா விலை கூடின பொருள், யாருக்கும் பகை இல்லை. பகையெல்லாம் பின்னால் வந்தது. கல்யாணமாகிச் சென்னைக்கு வந்து, படங்களின் அடியில் ஓடுகிற வசன வரி எழுதுகிற வேலையை வீட்டிலிருந்தே பார்த்துக்கொண்டு, ஓய்வு நேரத்தில் சனி வளையத்தைத் தேட ஆரம்பித்தேன். யாராவது வீட்டில் பதிந்து வைத்திருப்பார்கள் என்று நம்பினேன். சேலத்தில் ஒரு பகுதி கிடைத்தது, பாண்டிச்சேரியில் ஒரு அரைப்பகுதி, காரைக்காலில் வெறும் சத்தம் மட்டும் ஒரு ஆடியோ கேசட்டில். இணையத்தில் குழு ஒன்று தொடங்கினேன், என்னைப் போலவே நாற்பதை நெருங்குகிறவர்கள் ஒவ்வொருவராக வந்து சேர்ந்தார்கள், நம் ஊரில் இப்படி ஒன்று இருந்தது நான் கனவு காணவில்லைதானே என்று கேட்டார்கள். அப்படி வந்தவன்தான் தயாளன். என்னைவிட ஐந்தாறு வயது சின்னவன், விளம்பரக் கம்பெனியில் கேமரா வேலை. அக்கா அக்கா என்று வாய் நிறையக் கூப்பிடுவான். வேலூரில் அத்தை வீட்டில் ஒரே ஒரு பகுதி பார்த்தானாம். கடைசிப் பகுதி வந்த அன்று காய்ச்சலில் படுத்திருந்தானாம், எப்படி முடிந்தது என்றே தெரியாதாம். வில்லிவாக்கம் ஸ்டேஷன் பக்கத்து டீக்கடை வாசலில் நின்று என்னிடம் இதைச் சொன்னான். நான் அவனுக்குச் சொன்னேன். நிலையம் சனியை நோக்கி விழுந்துகொண்டிருக்கிறது, எல்லோரும் தப்பிக்கிற கலத்தில் ஏறிவிட்டார்கள், மதி மட்டும் ஆறுமுகத்திடம் ஓடி வருகிறாள், மின்சாரம் தீர்ந்துபோய் விளக்குகள் ஒவ்வொன்றாக அணைகின்றன, கடைசி விளக்கு மிச்சமிருக்கும்போது ஆறுமுகம் கேட்கிறது: அணைஞ்ச வெளிச்சம் எங்கே போகும் மதி? அவள் சொல்கிறாள்: அடுத்த வீட்டுக்குப் போகும். அந்த விளக்கும் அணைகிறது. இருட்டில் நிலையம் ஒரு வெள்ளைப் புள்ளியாகச் சுருங்கிச் சுருங்கி இல்லாமல் போகிறது. தயாளன் டீயைக் குடிக்காமல் நின்றான். இன்னொரு தடவை சொல்லுங்கக்கா என்றான். சொன்னேன். அவன் கண் கலங்கியதைப் பார்த்து எனக்கு எவ்வளவு சந்தோஷம். அந்தச் சந்தோஷத்தை நினைத்தால் இப்போதும் நாக்கில் கசக்கிறது.

அதற்கப்புறம் வருஷக்கணக்காகச் சேர்ந்து அலைந்தோம். அவன் கேமராவைப் பிடிப்பான், நான் கேட்பேன். யாரைக் கண்டுபிடிப்பது, எந்த வீட்டில் இருக்கிறார், என்ன கேட்டால் பேசுவார், எல்லாம் நான். கன்னியப்பனை அவர் பேத்தி வீட்டு மாடியறையில் கண்டுபிடித்தேன். ஆறுமுகத்துக்குக் குரல் கொடுத்த நாடகக்காரர் வேதநாயகத்தை, கை நடுங்கிக்கொண்டு காபியைச் சட்டையில் கொட்டிக்கொண்டு உட்கார்ந்திருந்தவரை, மூன்று தடவை போய்ப் பார்த்துப் பழகிய பிறகுதான் பேச வைத்தேன். மதியாக நடித்தவள் மெல்போர்னில் இருக்கிறாள், போனில் சிரித்துக்கொண்டே, எனக்கு அவங்க குடுத்த கிரீம் பிஸ்கெட்தாங்க ஞாபகம் இருக்கு என்றாள். இயக்குநர் முன்னாலேயே இறந்துவிட்டார், எழுத்துப் பிரதி ஒரு பக்கம்கூட எங்கேயும் இல்லை. இருந்ததெல்லாம் ஆட்கள்தான், அந்த ஆட்களும் ஒவ்வொருவராகப் போய்க்கொண்டிருந்தார்கள், பந்தயம் போல ஓடினோம். அப்புறம் ஒரு நாள் தயாளன் போனை எடுக்கவில்லை. பத்து நாள் எடுக்கவில்லை. அதற்கப்புறம் படம் வந்தது. ஆவணப்படம், தயாளன் என்று கொட்டை எழுத்தில் பெயர். புத்தகம் வந்தது. என் பெயரும் இருந்தது, நன்றி என்ற தலைப்பின் கீழே, டீ வாங்கிக் கொடுத்தவர்களோடு, செண்பகவல்லி என்பதைச் செண்பகவள்ளி என்று போட்டு. சரி, பெயர் போகட்டும். நான் மன்னிக்கவே முடியாதது வேறு. என் கேள்விகளை வெட்டிவிட்டான். எல்லா இடத்திலும். வயசானவர்கள் சும்மா காற்றைப் பார்த்து, யாரும் கேட்காமலே பேசுகிறார்கள். வேதநாயகம் “ஆமாம்மா” என்றார் என்னைப் பார்த்து, ஒவ்வொரு பதிலுக்கும் அந்த ‘அம்மா’வைச் சொல்லுவார், பாசமாக இழுத்துச் சொல்லுவார். படத்தில் “ஆமா” என்று மட்டும் கேட்கிறது. அந்த ஒரு எழுத்தைக்கூட விடாமல் நறுக்கியிருக்கிறான். ஒரு தியேட்டர் நிறைய ஆட்களோடு உட்கார்ந்து நான் அதைக் கேட்டேன். என்னை ரத்தமில்லாமல் அறுத்து எடுத்து, தையல்கூடத் தெரியாமல் ஒட்டியிருந்தான். வீட்டுக்காரர், விடு, போனது போகட்டும், உனக்கு வேற வேலையில்லையா என்றார். அவர் நல்லவர், அவர்மீதும் கோபம் வந்தது.

மதி வருகிறாள். என்ன சின்னப் பெண், முன்பல் ஒன்று விழுந்திருக்கிறது, எனக்கு அது ஞாபகமே இல்லையே. பூசணம் தின்ற இடத்தில் படம் வெளுத்து மறுபடி தெளிகிறது. பக்கத்து வீட்டுக் குக்கர் விசில் அடிக்கிறது, அது இந்தப் படத்துக்குள் இருந்து வருகிறது என்று ஒரு கணம் நினைத்துவிட்டேன். சனிக்கிழமை எழும்பூரில் விழாவாம். புத்தகத்தின் புதிய பதிப்பு. அவனுடைய புத்தகத்துக்குப் பிறகு சனி வளையத்துக்கு ஒரு கூட்டமே சேர்ந்துவிட்டது, கல்லூரிப் பிள்ளைகள், பார்க்கவே பார்க்காதவர்கள், ஆறு வட்டம் போட்ட பனியன் போட்டுக்கொண்டு வருகிறார்கள், முதுகில் ‘அடுத்த வீட்டுக்குப் போகும்’ என்று எழுதியிருக்கிறது. மெட்ரோவில் ஒரு பையன் முதுகில் அதைப் பார்த்து நான் இறங்கவேண்டிய இடத்தைத் தவறவிட்டிருக்கிறேன். கடைசிப் பகுதியைச் சிறுவயதில் அத்தை வீட்டில் தன் கண்ணாலேயே பார்த்ததாகத் தயாளன் முதல் அத்தியாயத்தில் எழுதியிருக்கிறான். காய்ச்சல் எங்கே போயிற்று? அதோடு நிற்கவில்லை, இவ்வளவு இருண்ட முடிவைப் பார்த்து மேலிடம் மிரண்டுபோய்த்தான் நாடாவை அழிக்கச் சொன்னது என்றும் எழுதினான். யாரும் மிரளவில்லை, அதன்மேல் ஒரு கவியரங்கத்தைப் பிடித்தார்கள், தொலைக்காட்சியின் நாடாச் சரக்கறையில் இருந்தவர் என்னிடம் சொன்னார், அவர் சொன்னதைப் படம் பிடித்ததே அவன்தான். தொலைந்துபோன கடைசிப் பகுதிக்கு அவன்தான் வாரிசு, அவன்தான் துக்கம் காக்கிறவன், மேடைதோறும் அதைச் சொல்லிக் குரல் தழுதழுக்கிறான். காலையில் வந்த செய்தி: அக்கா, பழசை மனசுல வைக்காம வரணும், முன்வரிசையில உங்களுக்கு இடம் வச்சிருக்கேன், ஒரு பொன்னாடை போர்த்தணும்னு ஆசை. பொன்னாடை. கூப்பிடுவான், போவேன், எழுந்து குனிந்து வாங்கிக்கொள்வேன், மைக்கைக் கேட்பேன், ஒரு வார்த்தை என்பேன், ப்ரொஜெக்டர்காரரிடம் இதைக் கொடுப்பேன். விளக்கை அணைக்கச் சொல்வேன். தொலைந்தது என்று அவன் அழுததை அவன் கண் முன்னால் ஓட்டுவேன். அப்போது நான் திரையைப் பார்க்கமாட்டேன், அவன் முகத்தைத்தான் பார்ப்பேன். இல்லை, வேண்டாம், அதற்கு முன் அவனைப் பேச விடுவேன், இன்னும் கொஞ்சம் தழுதழுக்கட்டும். இல்லை, விழாவுக்கே போகாமல் அதே நேரத்தில் இணையத்தில் ஏற்றிவிட்டால்? முன்வரிசையில் என் நாற்காலி காலியாக இருக்க, அரங்கத்தில் இருக்கிற ஒவ்வொருவருடைய போனும் ஒவ்வொன்றாக முனக ஆரம்பிக்கும். எது வலிக்கும், எது அதிகம் வலிக்கும் என்று அளந்து அளந்து பார்க்கிறேன். புடவைக்கடையில் ஒவ்வொன்றாகப் பிரித்துப் போட்டுப் பார்ப்பது போல. எனக்கே கொஞ்சம் அருவருப்பாக இருக்கிறது. ஆனால் எழுந்து போக மனமில்லை, இன்னொன்றைப் பிரி என்கிறது மனசு.

சத்தம் போடாதே, இதோ அந்த இடம். தப்பிக்கிற கலத்திலிருந்து மதி இறங்கி ஓடி வருகிறாள், அதே நசுங்கிய சுவரைத் தாண்டி. பீரோ முன்னால் நிற்கிறாள். வேதநாயகத்தின் குரல், தூங்கி எழுந்தது போன்ற அந்தக் குரல்: “மதி, வெளிச்சம் குறையுது.” என் உதடும் அதைச் சொல்கிறது. ஒரு விளக்கு மினுங்குகிறது, அணைகிறது. சரி. அடுத்து இரண்டாவது. இரண்டாவது அணையவில்லை. ஏன் அணையவில்லை? கதவு திறந்து நிலையத் தலைவர் வருகிறார், வெள்ளைக் கோட்டும் தொப்பையுமாக, கையில் ஒரு திருப்புளி. பீரோவின் கதவைத் திறக்கிறார். உள்ளே ஒயர்கள். எதையோ முறுக்குகிறார். ஆறு விளக்கும் பளிச்சென்று எரிகின்றன. “நன்றி தலைவரே” என்கிறது ஆறுமுகம். இது வேறு பகுதியாக இருக்கும், டாக்டர் மாற்றி எழுதிவிட்டார். இல்லை, தலைவர் கேமராவைப் பார்த்துத் திரும்புகிறார். யந்திரம் மனிதனுக்கு எஜமானன் அல்ல, முயற்சி உடையார் இகழ்ச்சி அடையார், ஒற்றுமையாக உழைத்தால் விண்ணும் நம் வீட்டு முற்றமே என்கிறார். எல்லோரும் வரிசையாக நின்று கை கோத்துக்கொள்கிறார்கள், ஓடிப்போன சமையல்காரர்கூட வந்து நிற்கிறார். பாட்டு. மதி பல்லில்லாத வாயைத் திறந்து பாடுகிறாள், உதடு பாட்டோடு ஒட்டவில்லை. பெயர்கள் மேலே ஏறுகின்றன. முற்றும் என்று போடுகிறான். முற்றும் என்று போட்டேவிட்டான். அப்புறம் வெறும் புள்ளிகள், இரைச்சல். வெளிச்சம் எங்கே போகும் என்று யாரும் கேட்கவில்லை, அடுத்த வீட்டைப் பற்றி யாரும் பேசவில்லை. வெள்ளைப் புள்ளி இல்லை. நான் பார்த்தேனே. வேதநாயகம்கூடச் சொன்னாரே, ஆமாம்மா, அப்படித்தான் அணைஞ்சுது என்று. சொன்னார்தான். நான் முழுக்கதையையும் அவருக்குச் சொல்லி, இப்படித்தானே ஐயா முடிந்தது என்று கேட்டேன், நடுங்குகிற கையைத் தூக்கி ஆமாம்மா என்றார், நான் கேட்ட எதற்கு அவர் இல்லை என்றார்? தயாளன் என் கேள்வியை வெட்டிவிட்டதால் அது அவருடைய சாட்சியம் ஆகிவிட்டது. வேறு யாரிடம் கேட்டோம்? நான் சொல்லாத இடம் எது? குழுவில் இருந்த எல்லோருக்கும் நான்தான் சொன்னேன், அவர்களும் ஆமாம் ஆமாம் எனக்கும் ஞாபகம் வருகிறது என்றார்கள்.

அந்தப் புள்ளி. அதை மட்டும் நான் கற்பனை செய்யவில்லை, அதைக் கண்ணால் கண்டேன், சத்தியம். கறுப்புக்கு நடுவில் வெள்ளையாக, சுருங்கிச் சுருங்கி. கண்ணை மூடிக்கொண்டேன். புள்ளி சுருங்குகிறது, அதைச் சுற்றி மரப்பெட்டி தெரிகிறது. மரப்பெட்டியின் கதவு, அதில் சாவித் துவாரம். மாணிக்கவாசகம் வீட்டு டிவி. பழைய டிவியை அணைத்தால் நடுவில் ஒரு புள்ளி நின்று மறையுமே, அந்தப் புள்ளி. “போச்சு” என்று யாரோ சொல்கிறார்கள், ஆன்டெனாவுக்குச் சொல்கிற போச்சு இல்லை, பெருமூச்சோடு. மண்ணெண்ணெய் விளக்கை ஏற்றுகிற வாசனை. கரண்ட் போய்விட்டது. வெளிச்சம் குறையுது என்று ஆறுமுகம் சொன்ன அந்த நிமிஷத்தில் எங்கள் தெருவில் கரண்ட் போய்விட்டது. பிள்ளைகள் எல்லாம் எழுந்து போகிறோம், நான் வாசலில் நிற்கிறேன், எங்கள் தெரு முழுக்க இருட்டு, ஒவ்வொரு வீடாக இருட்டு, ஆனால் மில் தெருவில் வெளிச்சம் இருக்கிறது, அங்கே யாரோ அந்தக் கடைசியைப் பார்த்துக்கொண்டிருப்பார்கள். நமக்குப் போன கரண்ட் அவங்களுக்குப் போயிருச்சு என்று நினைத்தேன். அப்படித்தான் நினைத்தேன். அப்பா ஷிப்டு முடிந்து வந்தார். நூற்பு மில்லில் வேலை, வாரம் தவறாமல் அந்த நேரம் மில்லுக்குள்தான் இருப்பார், ஒரு பகுதிகூடப் பார்த்ததில்லை, தலைமுடியெல்லாம் பஞ்சோடு உட்கார்ந்து சாப்பிடுவார், நான் கதை சொல்வேன், அவருக்குச் சனி வளையம் என்றால் என் வாய்தான். அன்றைக்கும் தட்டில் கை வைத்துக்கொண்டு, ம், கடைசியில என்னாச்சு தாயி என்றார். வாரம் பூராவும் காத்திருந்த மனிதர். கரண்ட் போயிருச்சுப்பா என்று சொல்ல எனக்கு வாய் வரவில்லை. விளக்குகளை ஒவ்வொன்றாக அணைத்தேன். அணைஞ்ச வெளிச்சம் எங்கே போகும் என்று கேட்டேன். அப்பாவின் கை சோற்றில் அப்படியே நின்றது. அடுத்த வீட்டுக்குப் போகும் என்றேன். புள்ளியாக்கி மறைய வைத்தேன். அப்புறம் தண்ணீரைக் குடித்துவிட்டு, “எவன் எழுதுனானோ, நல்லா முடிச்சிருக்கான் தாயி” என்றார். நானும் ஆமாப்பா என்றேன். அன்றிலிருந்து அதை எவனோதான் எழுதினான். நான் பார்த்தேன், அவ்வளவுதான்.

டெக் தானாக நின்றுவிட்டது. அறை அமைதியாக இருக்கிறது. எவ்வளவு நேரமாக இப்படி உட்கார்ந்திருக்கிறேன் தெரியவில்லை, முந்தானை நனைந்திருக்கிறது, வியர்வையா அழுதேனா தெரியவில்லை. அப்பா என்னைப் பாராட்டியிருக்கிறார், அவருக்கும் தெரியாமல் எனக்கும் தெரியாமல். அவர் இறந்து இத்தனை காலம் கழித்து அந்தப் பாராட்டு என் கைக்கு வந்து சேர்கிறது. அதைப் பிரித்துப் பார்க்கக்கூட நேரம் கொடுக்காமல் பின்னாலேயே தயாளன் வருகிறான். நான் கண்டுபிடித்த ஆட்களை எடுத்துக்கொண்டான் என்று நினைத்துக்கொண்டிருந்தேன். எங்கள் வீட்டு அடுப்படியில் அப்பா தட்டுக்கு முன்னால் நான் கட்டியதையே எடுத்துக்கொண்டு போயிருக்கிறான். அதை வேலூரில் அத்தை வீட்டில் பார்த்தேன் என்று எழுதியிருக்கிறான். பனியனில் அடித்திருக்கிறான். அப்புறம் மெதுவாக, கொதிக்கிற பாலில் ஏடு திரள்வது போல, எனக்குள் ஒன்று திரண்டது. அவன் மாட்டிக்கொண்டான். உலகத்தில் எந்த டிவியிலும் வராத ஒன்றைத் தன் கண்ணால் பார்த்ததாக அச்சில் போட்டிருக்கிறான். அதை அவன் பார்த்திருக்க முடியாது. அவனுக்கு அது கிடைத்திருக்கக்கூடிய இடம் ஒன்றே ஒன்றுதான், வில்லிவாக்கத்து டீக்கடை வாசல். நான் ஒரு வார்த்தை குற்றம் சொல்லவேண்டாம், தலைவரின் திருப்புளி சொல்லிவிடும். இதைச் சொன்னால் என் ஞாபகமும் போகும் என்று ஒரு குரல் உள்ளே சொன்னது. அந்தப் பிள்ளைகள் முதுகில் எழுதிக்கொண்டு போவதும் போகும், சனி வளையம் என்பது தொப்பைத் தலைவரின் கோரஸ் பாட்டாக முடியும், வேதநாயகத்தின் கடைசி ஆமாவும் பொய்யாகும், எவ்வளவு நல்லதைக் கெடுக்கப் போகிறாய் என்றது. கேட்டேன். காது கொடுத்துத்தான் கேட்டேன். போனை எடுத்தேன்.

முதல் மணியிலேயே எடுத்தான். அக்கா என்றான், குரல் உடைந்தது, உண்மையிலேயே உடைந்தது. நீங்க கூப்பிடுவீங்கன்னு நினைக்கவே இல்லை என்றான். வண்டி ஓட்டிக்கொண்டிருந்தானாம், ஓரமாக நிறுத்திவிட்டுப் பேசுகிறேன் என்றான், பின்னால் பஸ் ஹாரன் அடிக்கிறது. நான் நலம் விசாரித்தேன். விழாவுக்கு யார் யார் வருகிறார்கள் என்று கேட்டேன், சொன்னான். அவனாகவே பழைய கதைக்கு வந்து, அன்னைக்குச் சூழ்நிலை அப்படிக்கா, தயாரிப்பாளர் ஒத்துக்கலை, இரண்டு பேர் பேரைப் போட்டா எடுபடாதுன்னுட்டாங்க என்றான். பரவாயில்லை என்றேன். என் குரல் எனக்கே வேதநாயகத்தின் குரல் போல, தூங்கி எழுந்தது போல இருந்தது. மேடையில் என்னைப் பேசச் சொன்னால் என்ன பேசுவது என்று தெரியவில்லை, வயசாகிறது, எல்லாம் குழம்புகிறது, அந்தக் கடைசிப் பகுதியை ஒரு தடவை சொல்லேன், நீ நன்றாகச் சொல்வாயே என்றேன். அவனுக்குச் சந்தோஷம். சொன்னான். ஒன்றையும் விடவில்லை. நான் சொன்னதைவிட நன்றாகச் சொன்னான், அதுதான் கொடுமை. ஒவ்வொரு விளக்கும் அணையும்போது ஒரு மூச்சு நிறுத்தினான். அணைந்த வெளிச்சம் எங்கே போகும் என்ற இடத்தில் ஆறுமுகத்தின் குரலையே கொண்டுவந்தான். மதியின் கண்ணில் வந்தது கிளிசரின் இல்லை, நிஜக் கண்ணீர் என்றான். புள்ளியாகச் சுருங்குகிற இடத்தில் அவன் குரல் அடங்கியது. ஒரு கணம் நான் என் பழியை மறந்தேன், அப்பா கையைப் போல என் கையும் எங்கேயோ நின்றுவிட்டது. ஒரு கணம்தான்.

“நீ பார்த்தியா தயா?” என்றேன்.

“பார்த்தேன்க்கா. அத்தை வீட்டுல, தரையில உக்காந்து. இன்னும் அப்படியே கண்ணுக்குள்ள நிக்குது. நீங்களும்தானே பார்த்தீங்க.”

“இல்ல தயா. எங்க தெருவுல அன்னைக்குக் கரண்ட் போயிருச்சு. பாதியோட எழுந்து வந்துட்டேன். அதுக்கப்புறம் நடந்ததெல்லாம் நான் எங்கப்பாவுக்காகக் கட்டுன கதை.”

அவன் சிரிக்கப் பார்த்தான். “என்னக்கா சொல்றீங்க.”

“கேசட் கிடைச்சிருக்கு. ராஜபாளையத்துல. இப்பத்தான் ஓட்டிப் பார்த்தேன். வெளிச்சம் போகவே இல்ல, ஒரு ஆளு வந்து ஒயரை முறுக்கிட்டுப் போறான். எல்லாரும் பாட்டுப் பாடுறாங்க.”

பஸ்கள் அவனைத் தாண்டிப் போவது கேட்டது. யாரோ வண்டியை எடுக்கச் சொல்லித் திட்டினார்கள். சனிக்கிழமை சீக்கிரமே வந்துவிடுகிறேன், படத்தையும் கொண்டுவருகிறேன், எல்லோரும் பார்க்கட்டும் என்றேன். அக்கா என்று தொடங்கினான், அதற்குமேல் வரவில்லை. என்ன கேட்கப் போகிறான், படத்தைக் காட்டவேண்டாம் என்றா? கேட்கட்டும், நான் இல்லை என்பேன். கேட்காமல் இருந்தாலும் இல்லை என்பேன். எழுந்து போய் மின்விசிறியைப் போட்டேன், போன் காதிலேயே இருந்தது. காற்று முகத்தில் பட்டது. அவன் வைக்கவில்லை. நானும் வைக்கவில்லை.